பழைய இந்தி காமிக்ஸை ஸ்கேன் செய்வது எப்படி?

கேள்வி: அப்பாவின் ரயில்வே வேலையால் போபாலில் வளர்ந்தேன். நாகராஜ், துருவ், சாச்சா சௌத்ரி என்று 80 இந்தி காமிக்ஸ் கைவசம் இருக்கின்றன. தாள் பழுப்பேறிவிட்டது. ஸ்கேன் செய்து இணையத்தில் போட்டுவிடலாமா?

ஸ்கேன் செய்யுங்கள், தள்ளிப்போட வேண்டாம். இணையத்தில் போடுவது வேறு விஷயம், பிறகு சொல்கிறேன்.

முதலில் ஸ்டேப்ளர் பின்னைக் கவனியுங்கள். அது துருப்பிடித்தால் நடுப்பக்கத்தை அரித்துவிடும். இதழை நடுவில் விரித்து, பின்னின் இரு கால்களையும் மழுங்கிய கத்தியால் மெல்ல நிமிர்த்தி, முதுகுப்பக்கமாக உருவுங்கள். வெடுக்கென்று இழுத்தால் தாளும் கூடவே வரும். கிழிசலுக்கு செல்லோடேப் வேண்டவே வேண்டாம், பசை மஞ்சள் கறையாக ஊறிவிடும். லாமினேஷனும் கூடாது.

மெல்லிய தாள் என்பதால் மறுபக்க அச்சு தெரியும். பின்னால் ஒரு கறுப்புத் தாளை வைத்தால் சரியாகிவிடும். அச்சு வண்ணம் பொடிப்பொடிப் புள்ளிகளால் ஆனது. குறைந்த டிபிஐயில் (ஓர் அங்குலத்துக்கு எத்தனை புள்ளி என்ற ஸ்கேன் அளவு) எடுத்தால் அலை அலையாகக் கோடு விழும். 600 வையுங்கள். மூலக்கோப்பை டிஃப் (TIFF, தரம் குறையாமல் படத்தைச் சேமிக்கும் கோப்பு வகை) வடிவில் அப்படியே வைத்துவிட்டு, வெளுப்பது, திருத்துவது எல்லாம் நகலில் செய்யுங்கள்.

கதைப் பக்கங்களோடு மட்டும் நிறுத்திவிடாதீர்கள். பல இதழ்களில் ஆண்டு அச்சாகியிருக்காது. பின்னட்டையில் வரும் அடுத்த செட் (ஒன்றாக வெளியாகும் சில இதழ்கள்) அறிவிப்பை வைத்துத்தான் எதற்குப் பின் எது வந்தது என்று பிடிக்க முடியும். முதல் பக்கத்தில் வாடகைக் கடையின் ஊதா முத்திரை இருந்தால் அதையும் அழிக்காதீர்கள். நாள் வாடகைக்கு காமிக்ஸ் எடுத்துப் படித்த ஒரு தலைமுறையின் தடயம் அது.

சரி, இணையத்துக்கு வருவோம். சாச்சா சௌத்ரியைப் படைத்த பிராண் 2014-ல் காலமானார். இந்தியச் சட்டப்படி படைப்பாளி மறைந்து 60 ஆண்டுகள் வரை பதிப்புரிமை உண்டு. அவர் படைப்புகளுக்கு 2074 முடியும் வரை. 1986-ல் தொடங்கிய ராஜ் காமிக்ஸின் நாகராஜ், துருவ் இதழ்கள் இன்றும் மறுபதிப்பாக விற்கின்றன. ஆகவே அனுமதி இல்லாமல் முழு இதழை ஏற்றாதீர்கள். உங்கள் சொந்த வாசிப்புக்கு நகல் வைத்துக்கொள்ளலாம்.

தாராளமாகப் பகிரக்கூடியது விவரப் பட்டியல்: தலைப்பு, வெளியீட்டு எண், எழுதியவர், வரைந்தவர், விலை, பக்கங்கள். ஆராய்பவர்கள் தேடி அலைவது இதைத்தான். பெட்டியில் மனோஜ் காமிக்ஸ், துளசி காமிக்ஸ் போல வெளிவருவது நின்றுபோனவை ஏதாவது இருக்கிறதா பாருங்கள். இருந்தால், நாகராஜ் காத்திருக்கட்டும், முதலில் அவற்றை எடுங்கள்.