பாட்டே இல்லாமல் எழுதியவர்

கேள்வி: குறும்படங்களுக்குத் திரைக்கதை எழுதுகிறேன். இயக்குநரின் பெயர் எல்லோருக்கும் தெரிகிறது. எழுதியவன் யாரென்று ஒருவரும் கேட்பதில்லை. சென்னைக்குப் போனால்தான் உருப்படலாம் என்கிறார்கள் நண்பர்கள். இலங்கை மாதிரி ஒரு சின்னத் திரைத்துறையில் எழுதுகிறவன் அப்படி என்னதான் செய்துவிட முடியும்?
— வாசகர், வவுனியா

பதில்: சென்னைக்குப் போவது உங்கள் விருப்பம். ஆனால் கடைசிக் கேள்விக்கு என்னிடம் ஒரு பெயர் இருக்கிறது: ரெஜி சிறிவர்தன.

1947இல் வந்த முதல் சிங்களப் பேசும்படமே தமிழ்நாட்டு ஸ்டூடியோவில் எடுத்ததுதான். அதற்கப்புறமும் பல வருடம் பெரும்பாலும் அதே கதை. ஸ்டூடியோ அங்கே, பாட்டு, சண்டை, கோமாளி எல்லாம் அங்கத்தைய அளவில். 1956இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 'ரேகாவ'வுக்காகக் கேமராவைக் கிராமத்துக்குக் கொண்டுபோனார். பாராட்டு வந்தது, வசூல் வரவில்லை. பிறகு மார்ட்டின் விக்கிரமசிங்கவின் 'கம்பெரலிய' நாவலைப் படமாக்கியபோது, திரைக்கதையை எழுதியவர் ரெஜி. ஆங்கிலத்தில் விமர்சனம் எழுதிக்கொண்டிருந்த மனிதர்! இன்றைய தயாரிப்பாளர் யாராவது துணிவாரா, தெரியாது.

நொடிந்துவரும் பெரிய வீட்டுப் பெண் நந்தா. ஆங்கிலம் சொல்லிக்கொடுக்க வரும் பியலை அவளுக்குப் பிடிக்கிறது. அந்தஸ்து போதாதென்று வீட்டார் மறுக்க, அவளும் எதிர்த்து நிற்கவில்லை, ஜினதாசவைக் கட்டிக்கொள்கிறாள். நமக்குப் பழகிய படமென்றால் இந்த இடத்தில் ஒரு சோகப்பாட்டு நிச்சயம். 'கம்பெரலிய'வில் பாட்டே கிடையாது. மனதில் இருப்பதை வாய்விட்டுச் சொல்லாத குடும்பம் அது. அந்த மௌனத்தைத்தான் ரெஜி எழுதினார். கதை கேட்டது ஒரு பழைய வீட்டை. அது ஊரிலேயே இருந்தது. ஸ்டூடியோவுக்குள் போகாமலே முழுப்படமும் முடிந்தது. 1965இல் டெல்லி திரைப்பட விழாவில் தங்க மயில் விருதும் வாங்கியது.

தமிழிலும் முயன்றிருக்கிறோம். எழுபதுகளில் காவலூர் ராஜதுரை எழுதி, தர்மசேன பத்திராஜ இயக்கிய 'பொன்மணி'யில் யாழ்ப்பாணப் பேச்சும் சீதனக் கவலையும் அப்படியே இருந்தன. படம் ஓடவில்லை. இந்தியப் படங்களுக்குப் பழகிய கண்களுக்கு அது படமாகவே தெரியவில்லை போலும். அதற்காக எழுத்தைக் குறை சொல்ல மாட்டேன்.

சரி, உங்களுக்கு வருவோம். பெயர் விஷயத்தில் கூச்சம் வேண்டாம். டைட்டிலிலும் போஸ்டரிலும் உங்கள் பெயர் எப்படி வரவேண்டும், காசு எப்போது தரவேண்டும் என்பதை ஷூட்டிங்குக்கு முன்பே தாளில் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள். நண்பரின் படமென்றால் கட்டாயம் வாங்குங்கள்.

அப்புறம், 'கம்பெரலிய' நாவல் 'கிராமப் பிறழ்வு' என்று தமிழில் வந்திருக்கிறது. தேடி எடுத்து, நந்தாவும் பியலும் வரும் ஓர் அத்தியாயத்தை நீங்களே காட்சியாக எழுதுங்கள். எழுதி முடித்தபின் படத்தைப் பாருங்கள். அதற்கு முன் வேண்டாம்.