காசு குடுத்து ஏன் திட்டு வாங்கணும்?

அன்புள்ள அண்ணா,

அடுத்த மாசம் வேலை விஷயமா சிகாகோ போறேன். ஃப்ரெண்ட்ஸ் அங்க வீனர்ஸ் சர்க்கிள்னு ஒரு ஹாட் டாக் கடைக்கு ராத்திரி 2 மணிக்குக் கூட்டிட்டுப் போறேங்கிறாங்க. ஒரு வீடியோவும் அனுப்புனாங்க. கவுன்டர்ல நிக்கிற அக்கா கஸ்டமரை கெட்ட வார்த்தைல கிழிக்கிறாங்க, அவனும் திருப்பித் திட்றான், சுத்தி எல்லாரும் சிரிக்கிறாங்க. எனக்கு சிரிப்பே வரல. காசு குடுத்து ஏன் திட்டு வாங்கணும்? போகலாமா?

(பெயர் வேண்டாம்)

தம்பி,

போங்க. ஆனா அங்க என்ன நடக்குதுன்னு தெரிஞ்சுகிட்டுப் போங்க.

லிங்கன் பார்க் ஏரியால கிளார்க் ஸ்ட்ரீட்ல இருக்கிற சின்னக் கடை அது, எண்பதுகள்ல இருந்து இருக்கு. பேர் வாங்குனது ராத்திரிக் கூட்டத்தாலதான், பார்ல இருந்து எழுந்து வர்ற கும்பல் ஃபுல் போதைல வந்து நிக்கும். தொண்ணூறுகள்ல ஒரு நாள் ஆர்டர் சொல்லாம தள்ளாடிட்டு நின்ன ஒருத்தனை ஓனர் கெட்ட வார்த்தை சொல்லிக் கூப்பிட்டாராம், அங்க ஆரம்பிச்சதுன்னு சொல்வாங்க. எனக்கு அது நியாயமாத்தான் படுது. லைன் வாசல் தாண்டி நிக்குது, முன்னாடி நிக்கிறவன் பேந்தப் பேந்த முழிக்கிறான், அவன்கிட்ட போய் "சார் என்ன வேணும்"னு கேட்டா வேலைக்கு ஆகுமா? ஒரு அதட்டு அதட்டுனாதான் வாயத் திறப்பான்.

நீங்க கவுன்டர்ல நிக்கிறவங்க கையப் பாருங்க. கசகசா தூவுன பன், கருக வாட்டுன சாசேஜ், மஸ்டர்டு, பச்சைப்பசேல்னு ரெலிஷ் (பொடியா நறுக்கி ஊறவச்ச வெள்ளரிக்கா), வெங்காயம், தக்காளி, ஊறவச்ச வெள்ளரிக்கா நீளமா ஒரு துண்டு, குட்டி மிளகா, மேல செலரி உப்பு. வாய் ஒருத்தனைக் கிழிச்சிட்டு இருக்கும்போதே கை இவ்ளோத்தையும் அடுக்கி முடிச்சிடும். (கெச்சப் மட்டும் கேக்காதீங்க, அந்த ஊர்ல ஹாட் டாக்ல அது ஆகாது.)

2012ல கோனன்ங்கிற அமெரிக்க ராத்திரி டிவி காமெடி ஷோக்காக நடிகர் ஜாக் மெக்பிரேயரும் ட்ரையம்ப்ங்கிற பொம்மை நாயும் அங்க போனாங்க, அது பார்க்க ஜாலியா இருக்கும். ஆனா 2007ல ஷோடைம் சேனல்ல திஸ் அமெரிக்கன் லைஃப்ங்கிற டாக்குமென்டரி நிகழ்ச்சி காட்டுனது வேற. கவுன்டருக்கு உள்ள கறுப்பினப் பெண்கள், வெளிய பெரும்பாலும் வெள்ளைக்காரப் பசங்க, விளையாட்டா ஆரம்பிக்கிற திட்டு கொஞ்ச நேரத்துல நிறத்துல போய் நிக்குது. அந்தப் பசங்க சாக்லேட் ஷேக் வேணும்னு கத்துவாங்க, அது குடிக்கிற ஷேக் இல்ல, காசை நீட்டி கவுன்டர்ல நிக்கிற பொண்ணை சட்டையைத் தூக்கிக் காட்டச் சொல்றது. உங்களுக்கு சிரிப்பு வரலைன்னீங்களே, எனக்கும் இந்த இடத்துல வயித்தைப் பிசைஞ்சிடுச்சு.

திட்டு வாங்குனவன் பத்து நிமிஷத்துல பொட்டலத்தோட கிளம்பிடுவான், அந்தம்மா கடை மூடுற வரைக்கும் அங்கயே நிக்கணும், மறுநாளும் வந்து நிக்கணும், டிப்ஸ் போயிடுமேன்னு எவ்ளோ முழுங்கணுமோ அவ்ளோவும் முழுங்கணும், அதனால ரெண்டு பக்கமும் சமமா ஆடுற ஆட்டம்னு யார் சொன்னாலும் நான் ஒத்துக்க மாட்டேன்.

லைன்ல நிக்கும்போதே என்ன வேணும்னு முடிவு பண்ணிடுங்க. திட்டுனா சிரிங்க, பதிலுக்கு ஒண்ணு சொல்லணும்னு தோணுனா சொல்லுங்க, உடம்பு, நிறம் பக்கம் மட்டும் போயிடாதீங்க. கூட வந்தவன் எவனாவது ஷேக் கேட்டா கையப் புடிச்சு வெளிய இழுத்துட்டு வந்துடுங்க. டிப்ஸ் நல்லா வைங்க. சீஸ் ஃப்ரைஸும் சேத்து வாங்கிக்கோங்க.