நவ்ரு, கிரிபாஸ், துவாலு: கேளுங்கள், தெரிந்ததைச் சொல்கிறேன்

எண்பதுகளில் சரக்குக் கப்பலில் இருந்தபோது நவ்ருவுக்கு மூன்று தடவை போயிருக்கிறேன். அப்போது பிடித்த கிறுக்கு, இன்னும் விடவில்லை. பசிபிக் தீவுகளின் வரலாறு, அரசியல் எதுவானாலும் கேளுங்கள். விசா, வேலை, டூர் பேக்கேஜ் மட்டும் வேண்டாம்.

நவ்ருதான் ஒருகாலத்தில் உலகின் பணக்கார நாடு என்று ஒரு வீடியோவில் பார்த்தேன். உண்மையா சார்?

எழுபதுகளில் தலைக்கு வருமானம் என்று பார்த்தால் உலகின் உச்சியில் இருந்த நாடுகளில் அதுவும் ஒன்று. ஆனால் தலைக்கு வருமானம் என்பது வகுத்தல் கணக்கு, அவ்வளவுதான். 21 சதுர கிலோமீட்டர் தீவு, சில ஆயிரம் ஜனம், கீழே உரத்துக்கான பாஸ்பேட். அதைத் தோண்டியதற்கான பங்குப் பணம் நிலத்துக்குச் சொந்தக்காரர்களுக்குத்தான் போனது. ஒரே நிலம் வாரிசுகளுக்குள் பிரிந்து பிரிந்து வந்ததால் ஒருவருக்குக் கட்டுக்கட்டாக, பக்கத்து வீட்டுக்காரருக்குச் சில்லறையாக வந்தது. வீடியோ தலைப்பை வைத்து ஒரு நாட்டைப் படிக்காதீர்கள்.

அங்கே பாஸ்பேட் இருப்பதை எப்படிக் கண்டுபிடித்தார்கள்?

நல்ல கேள்வி. சிட்னியில் ஒரு கம்பெனி அலுவலகத்தில் கதவு அடித்துக்கொள்ளாமல் இருக்க ஒரு கல்லை முட்டுக் கொடுத்திருந்தார்கள். நவ்ருவிலிருந்து வந்த கல். கல்லாகிப்போன மரம் என்று எல்லோரும் நினைத்திருக்க, ஆல்பர்ட் எல்லிஸ் என்ற ஊழியர் 1899-ல் அதைச் சோதனை செய்து பார்த்தார். அசல் பாஸ்பேட்! ஆஸ்திரேலியா, நியூசிலாந்து மண்ணுக்கு உரம் இல்லாமல் ஆகாது, அப்புறம் கேட்க வேண்டுமா. 1907 வாக்கில் ஏற்றுமதி தொடங்கிவிட்டது.

நான் போன காலத்தில் அங்கே துறைமுகமே கிடையாது. கரையை விட்டால் கடல் கிடுகிடுவென ஆழம், நங்கூரம் போட வழியில்லை. மிதவைகளில் கப்பலைக் கட்டிவிட்டு, ஐவோ மாவட்டக் கரையிலிருந்து கடலுக்குள் நீண்டிருக்கும் இரும்புக் கைகள் வழியாகச் சரக்கைக் கொட்டுவார்கள். காற்று மேற்கிலிருந்து திரும்பினால் கட்டை அவிழ்த்துக்கொண்டு ஓட வேண்டியதுதான், நாள்கணக்கில் சும்மா கடலில் மிதந்திருக்கிறோம். சரக்கு விழும்போது கிளம்பும் தூசி டெக், கயிறு, புருவம் எல்லாவற்றிலும் படியும். டீயில்கூட.

நவ்ருவின் தலைநகரம் எது?

அதிகாரபூர்வமாக இல்லை. நாடாளுமன்றம் யாரென் மாவட்டத்தில் இருக்கிறது.

நாட்டின் பெயர் கிரிபாட்டியா, கிரிபாஸா?

கிரிபாஸ். கில்பர்ட்ஸ் என்ற ஆங்கிலப் பெயரை அவர்கள் வாயில் போட்டு உருட்டியது. அந்த மொழி எழுத்தில் 'டி'யும் 'ஐ'யும் சேர்ந்தால் 'ஸ்'.

அண்ணே, உழைக்காமல் வந்த காசு நிற்காது என்பதற்கு நவ்ருதானே உதாரணம்? உட்கார்ந்து தின்று அழிந்த கூட்டம்.

இந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்தேன் தம்பி. முதலில் யார் தின்றார்கள் என்று பார்ப்போம். 1919-லிருந்து பிரிட்டன், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து மூன்றும் சேர்ந்து வைத்த கமிஷன்தான் தோண்டியது. உலகச் சந்தை விலைக்கும் குறைவாகத் தங்கள் விவசாயிகளுக்கு விற்றது. ஆரம்பத்தில் நிலக்காரருக்குக் கிடைத்தது டன்னுக்கு அரை பென்னி. 1968-ல் விடுதலை வருவதற்குள் பாஸ்பேட் நிலத்தில் மூன்றில் ஒரு பங்கு தோண்டி முடிந்துவிட்டது. மண்ணைச் சுரண்டிய இடத்தில் சுண்ணாம்புக் கல் தூண்கள் பல்வரிசை மாதிரி நிற்கும், அதற்குள் ஆடு மேய்க்கக்கூட முடியாது. அப்புறம் உட்கார்ந்து தின்றார்கள் என்றால்? உட்கார எங்கே இடம்?

அதே ஆள் மறுபடி: சரி, மீதி மூன்றில் இரண்டு பங்கு அவர்கள் கையில்தானே இருந்தது?

இருந்தது. ஒத்துக்கொள்கிறேன், இங்கே நான் வக்கீல் வேலை பார்க்கவில்லை. கமிஷனின் சொத்தை 21 மில்லியன் ஆஸ்திரேலிய டாலர் கொடுத்து வாங்கி, 1970-ல் சுரங்கத்தைத் தாங்களே எடுத்துக்கொண்டார்கள். அதன்பின் தலைவர்கள் செய்தது கூத்துதான். மெல்பர்னில் 52 மாடிக் கட்டடம் (பாஸ்பேட் என்றால் பறவை எச்சம்தானே என்று கேலியாக ஊர்க்காரர்கள் வைத்த பட்டப்பெயர் பறவை எச்சக் கோபுரம்), காலி சீட்டோடு பறந்த சொந்த விமானங்கள், 1993-ல் லண்டனில் லியனார்டோ டா வின்சி பற்றி ஓர் இசை நாடகத்துக்குப் பணம், அது சில வாரங்களில் ஊத்திக்கொண்டது. கோபுரத்தை 2004-ல் கடனை அடைக்க விற்றார்கள். ஆனால் கையெழுத்துப் போட்டது சில பேர், கெட்ட பெயர் மொத்தச் சனத்துக்கும். இதை உள்ளூர் அரசியலுக்கு இழுக்க வேண்டாம், இழுத்தால் பதில் வராது.

நடுவில் நுழைகிறேன். இவ்வளவு அநியாயம் என்றால் வழக்குப் போட்டிருக்கலாமே?

போட்டார்கள்! முதலில் அவர்களே ஒரு விசாரணைக் குழு வைத்தார்கள். அதன் தலைவர் இலங்கையின் சட்ட அறிஞர் வீரமந்திரி, பின்னாளில் சர்வதேச நீதிமன்ற நீதிபதியானவர். 1989-ல் ஆஸ்திரேலியாவை ஹேக்கில் உள்ள அந்தச் சர்வதேச நீதிமன்றத்துக்கு இழுத்தார்கள். 'பிரிட்டனும் நியூசிலாந்தும் கூட்டாளிகள், எங்களை மட்டும் எப்படிக் கேட்கலாம்' என்றது ஆஸ்திரேலியா. 1992-ல் நீதிமன்றம் அந்த வாதத்தைத் தள்ளிவிட்டு வழக்கை நடத்தலாம் என்றது. அடுத்த வருடமே 107 மில்லியன் ஆஸ்திரேலிய டாலருக்குச் சமரசம். ஒரு குட்டித் தீவு கோர்ட்டில் நின்று அவ்வளவு வாங்கியதைச் சோம்பேறித்தனக் கணக்கில் எப்படி எழுதுவது என்று தம்பி சொல்லட்டும்.

தம்பி: பேசாமல் வேறு இடத்துக்குப் போயிருக்கலாம்.

கேட்டுப் பார்த்தார்கள். அறுபதுகளில் குயின்ஸ்லாந்து பக்கம் கர்ட்டிஸ் தீவைத் தருகிறோம் என்றது ஆஸ்திரேலியா. ஆனால் தனி நாடாக இருக்க முடியாது, ஆஸ்திரேலியக் குடிமக்களாகிவிட வேண்டும். 1964-ல் வேண்டாம் என்றுவிட்டார்கள். இந்த விவாதம் இத்தோடு போதும், வேறு யாராவது கேளுங்கள்.

நவ்ரு உலகின் பணக்கார நாடாக இருந்ததா?

மேலே முதல் கேள்வி.

சீனாவா, தைவானா, நவ்ரு எந்தப் பக்கம்?

எந்த வருடம் என்று சொல்லுங்கள். 1980-லிருந்து தைவான், 2002-ல் சீனா, 2005-ல் மறுபடி தைவான், 2024 ஜனவரியில் மறுபடி சீனா.

நவ்ருவில் ஆஸ்திரேலியா வைத்த அகதி முகாமில் நம்மவர்கள் இருந்தார்களா?

இருந்தார்கள். 2001-ல் முகாம் திறந்தது. 2007-ல் படகில் வந்த இலங்கைத் தமிழர்களை அங்கே கொண்டுபோய் வைத்தார்கள். 2008-ல் மூடி, 2012-ல் மறுபடி திறந்தது. சுரங்கத்துக்குப் பின் தீவுக்குப் பெரிய வருமானங்களில் அதுவும் ஒன்று.

துவாலு மூழ்கிவிட்டதாமே?

இல்லை. மூழ்கும் பயம் நிஜம், அதனால்தான் 2023-ல் ஆஸ்திரேலியாவோடு, துவாலு மக்கள் அங்கே குடியேற வழி வைத்து, ஓர் ஒப்பந்தம் போட்டார்கள். மூழ்கிவிட்டது என்று படம் போட்டவரை நம்பாதீர்கள்.

நவ்ருவின் சுதந்திர தினம் ஏன் ஜனவரி 31?

போர்க்காலத்தில் ஜப்பான்காரர்கள் 1,200 நவ்ருக்காரர்களை ட்ரக் தீவுகளுக்குக் கொண்டுபோய் வேலை வாங்கினார்கள். பசியிலும் நோயிலும் செத்தவர்கள் போக உயிரோடு திரும்பியவர்கள் 737 பேர். கப்பலிலிருந்து சொந்த மண்ணில் இறங்கிய நாள் 1946 ஜனவரி 31. விடுதலைக்கு நாள் குறிக்கச் சொன்னபோது அந்தத் தேதியைத்தான் கேட்டு வாங்கினார்கள். முதல் ஜனாதிபதி ஹேமர் டிராபர்ட்டும் அப்படித் திரும்பி வந்தவர்களில் ஒருவர்.

சார், நவ்ரு பாஸ்போர்ட் விலைக்குக் கிடைக்கிறதாமே, எவ்வளவு?

2025-ல் அறிவித்த விலை 1,05,000 அமெரிக்க டாலர். விசா கேள்வி வேண்டாம் என்று முதல் பத்தியிலேயே சொன்னேன். மீதிப் பதினோரு கேள்வியில் ஒன்பது இதேதான், நான் சாப்பிடப் போகிறேன்.