‘அன்சட்ஸ்’ என்பது ஓர் ஆளின் பெயர் அல்ல

கேள்வி: பௌதிகவியல் கட்டுரைகளில் அடிக்கடி வரும் ‘அன்சட்ஸ்’ (Ansatz) என்ற ஜேர்மன் சொல்லின் பொருள் என்ன? அது கருதுகோளா, வெறும் ஊகமா? தமிழில் அதை எப்படி எழுதலாம்?

முதலில் என் வெட்கத்தைச் சொல்லிவிடுகிறேன். பட்டப்படிப்பின் இறுதி ஆண்டில், வகுப்பில் பேசுவதற்கு எனக்குக் கிடைத்த தலைப்பு ‘பெத்தே அன்சட்ஸ்’. போஸ்–ஐன்ஸ்டைன் போல இதுவும் இரட்டைப் பெயர் என்று எண்ணிக்கொண்டு, “பெத்தேயும் அன்சட்ஸும் 1931இல் கண்டுபிடித்த முறை” என்று பலகையில் எழுதினேன். பின்வரிசையில் இருந்த விரிவுரையாளர் சிரிக்கவில்லை. “பெத்தேக்கு நோபல் பரிசு கிடைத்தது. மற்றவருக்கு ஏன் கொடுக்கவில்லை, பிள்ளை?” என்று மட்டும் கேட்டார். அன்று மாலை யாழ்ப்பாணத்து வெயிலில் சைக்கிள் மிதித்து வீடு போன தூரம் இன்னும் நினைவில் இருக்கிறது.

எனக்குச் சாதகமாக ஒன்று சொல்லலாம். ‘ஐகன் பெறுமானம்’ என்று தாயங்கள் படிக்கும்போது வருகிறதே, அந்த ஐகனும் ஜேர்மன் சொல்தான். ‘தனக்கே உரிய’ என்று பொருள். ஆனால் மான்ஃபிரட் ஐகன் என்று உண்மையிலேயே ஒரு விஞ்ஞானி இருந்தார். பெத்தே பௌதிகவியலுக்கான நோபல் பரிசைப் பெற்ற அதே 1967இல் அவர் இரசாயனவியலுக்கான பரிசில் பங்கு பெற்றார். ஐகன் பெறுமானத்துக்கும் அவருக்கும் தொடர்பில்லை. இந்த ஜேர்மன் சொற்கள் ஆளைக் குழப்புவதற்கென்றே பிறந்தவை.

இனிப் பொருளுக்கு வருவோம். ‘அன்’ என்றால் மேல், அருகு, ஒட்டி. ‘செட்சன்’ என்றால் இடுதல், வைத்தல். ஒன்றை இன்னொன்றின்மேல் இட்டுத் தொடங்குவது ‘அன்செட்சன்’. அப்படி இட்டது ‘அன்சட்ஸ்’. பௌதிகவியலில் அதன் பொருள் இதுதான்: ஒரு சமன்பாட்டின் விடை எப்படிப்பட்ட வடிவில் இருக்கும் என்று முன்கூட்டியே ஓர் உருவத்தை எழுதிவைத்து, அதில் சில இடங்களை வெறுமையாக விட்டு, அந்த வெற்றிடங்களில் என்ன வரவேண்டும் என்பதைச் சமன்பாட்டையே சொல்ல வைப்பது.

அகராதி இவ்வளவுதான் சொல்லும். இந்தச் சொல்லின் உயிரை எனக்குக் காட்டியவள் ஜேர்மனியில் பிறந்து வளர்ந்த என் பெறாமகள். ஓர் ஓகஸ்ட் மாதம் நல்லூர்த் திருவிழாவுக்கு அக்கா குடும்பம் வந்து நின்றது. எங்கள் வீட்டுக் கேத்திலைத் திறந்து பார்த்த பிள்ளை, “அம்மா, எவ்வளவு கல்க்அன்சட்ஸ்!” என்று கத்தினாள். யாழ்ப்பாணம் சுண்ணாம்புக் கல்லின் மேல் இருக்கும் ஊர். கிணற்றுத் தண்ணீரைக் காய்ச்சக் காய்ச்சக் கேத்திலின் அடியில் வெள்ளையாகப் படியும். அந்தப் படிவுக்கு அவள் வாயில் வந்த சொல்லைக் கேட்டதும் எனக்குக் காது நிமிர்ந்தது. பெத்தேயின் கூட்டாளி எங்கள் குசினியில் என்ன செய்கிறார்?

பிறகு அவளை விடவில்லை. பள்ளிக்கூட வாத்தியக் குழுவில் ட்ரம்பெட் ஊதுகிறாள். உதட்டை வாத்தியத்தின் வாயில் வைக்கும் முறைக்குப் பெயர் அன்சட்ஸ். அது பிழைத்தால் எவ்வளவு மூச்சுப் பிடித்தாலும் சுரம் நிற்காது என்று விளக்கினாள். அன்று பின்னேரம் கோயிலில் நாதஸ்வரக்காரர் சீவாளியை நனைத்து, உதட்டில் பொருத்தி, ஒரு கணம் ஊதாமல் நிறுத்திப் பார்த்தபோது, “சித்தி, இதுதான் அன்சட்ஸ்” என்று என் சேலையை இழுத்துக் காட்டினாள். அக்காவின் தலைச்சாயம் வெளுத்து, அடிமுடி நரையாகத் தெரியத் தொடங்கும் இடமும் அன்சட்ஸ். அத்தானுக்குத் தள்ளத் தொடங்கியிருக்கும் வயிறு ‘பௌஹ்அன்சட்ஸ்’, அதாவது தொந்தியின் தொடக்கம். அத்தானுக்கு இந்த மொழிப்பாடம் பிடிக்கவில்லை. இரவு, அப்பத்துக்குக் கள் விட்டுக் கரைத்து வைத்த மா பொங்குவதைப் பார்த்தவள், தங்கள் பக்கத்து வீட்டு மூதாட்டி பாணுக்காகப் போத்தலில் வளர்க்கும் புளித்த மாவுக்கும் அன்சட்ஸ் என்றுதான் பெயர் என்றாள்.

எல்லாவற்றுக்கும் மேலாக, கணித வகுப்பு. வசனக் கணக்கை வாசித்து, எதை எக்ஸ் என்று வைப்பது, எந்தச் சமன்பாட்டில் தொடங்குவது என்று எழுதும் முதல் வரிக்கும் அங்கே அன்சட்ஸ்தான் பெயர். “அன்சட்ஸ் சரி, கணிப்புப் பிழை” என்று ஆசிரியர் சிவப்பு மையில் எழுதி, அதற்கு ஒரு பங்கு புள்ளியும் போடுவாராம். பௌதிகவியலுக்குள் புகுந்தது இந்தப் பள்ளிக்கூட அன்சட்ஸ்தான் என்பது என் எண்ணம். ஆனால் எனக்குப் பொருள் விளங்கியது கள் விட்ட அப்ப மாவில். கள் அப்பம் அல்ல. ஆனால் விடாமல் அப்பம் இல்லை. எவ்வளவு விட்டோம் என்பது விடிந்த பிறகுதான் தெரியும்.

ஓர் உதாரணம் இல்லாமல் இது காற்றில் நிற்கும். 1, 1, 2, 3, 5, 8, 13 என்ற தொடரை எடுங்கள். முந்திய இரண்டையும் கூட்டினால் அடுத்தது. நூறாவது உறுப்பை நூறு வரை கூட்டாமல் எடுக்க வழி உண்டா? இங்கே அன்சட்ஸ்: ஒவ்வோர் உறுப்பும் முந்தியதன் ஒரே மடங்கு என்று வைத்துக்கொள்வோம். பார்த்தவுடனே பொய் என்று தெரிகிறது. 1இலிருந்து 2க்கு இரண்டு மடங்கு, 2இலிருந்து 3க்கு ஒன்றரை மடங்கு. இருந்தாலும் விதிக்குள் இட்டுப் பாருங்கள். அந்த மடங்கின் வர்க்கம், அதே மடங்குடன் 1ஐக் கூட்டியதற்குச் சமன் என்று ஓர் இருபடிச் சமன்பாடு வருகிறது. விடைகள் இரண்டு: ஏறத்தாழ 1.618, மற்றது −0.618. தனித்தனியாக இரண்டும் நம் தொடர் அல்ல. ஆனால் விதி வெறும் கூட்டல் என்பதால் இரண்டையும் கலந்தாலும் அது பொருந்தும். முதல் இரண்டு உறுப்புகளும் 1, 1 என்று வருமாறு கலவையின் அளவைத் தீர்மானித்தால் வேலை முடிந்தது. 1.618இன் பத்தாம் வலு ஏறத்தாழ 123. மற்ற விடையின் பத்தாம் வலு மிகச் சிறியது, விட்டுவிடலாம். கலவையின் அளவு சொல்வது 5இன் வர்க்கமூலமான 2.236 ஆல் வகுக்கச் சொல்லி. வகுத்தால் 55. தொடரின் பத்தாவது உறுப்பை எண்ணிப் பாருங்கள். பொய்யென்று தெரிந்தே இட்ட உருவம் மெய்யான விடையைக் கொண்டுவந்து சேர்த்தது.

கருதுகோளிலிருந்து இது வேறுபடுவதும் இங்கேதான். கருதுகோள் உலகத்தைப் பற்றிப் பேசுகிறது. அதை ஏற்பதும் தள்ளுவதும் பரிசோதனையின் வேலை. அன்சட்ஸ் விடையின் உருவத்தைப் பற்றி மட்டுமே பேசுகிறது. அதைச் சோதிப்பது சமன்பாடு. உருவம் பொருந்தாவிட்டால் இடதுபக்கமும் வலதுபக்கமும் சமப்படாது, தாளைக் கசக்கி எறியலாம். ஊகத்திலிருந்தும் வேறுபடுகிறது. ஊகத்துக்கு வெற்றிடங்கள் தேவையில்லை. லொத்தர் இலக்கம் ஊகம். இன்னொரு வேடிக்கை: ஜேர்மனில் வெறும் ‘சட்ஸ்’ என்றால் கணிதத்தில் தேற்றம். பைதகரஸ் தேற்றம் ஒரு சட்ஸ்; நிறுவியாகிவிட்டது. முன்னால் ‘அன்’ சேர்ந்தால் இன்னும் நிறுவவில்லை என்று ஆகிவிடுகிறது.

என்னை அவமானப்படுத்திய பெத்தேயின் கதையையும் சொல்லவேண்டும். 1931இல் ஹான்ஸ் பெத்தேக்கு 25 வயது நிறையவில்லை. ஒரே வரிசையில் நிற்கும் அணுக்கள், ஒவ்வொன்றும் சிறு காந்தம், பக்கத்து அணுவுடன் மட்டும் பேச்சு வார்த்தை. இந்தச் சங்கிலியின் குவாண்டம் நிலைகளைத் துல்லியமாக எழுத முடியுமா? அவர் இட்ட உருவம்: நிலையைப் பல எளிய அலைகளின் கூட்டுத்தொகையாக எழுதுவது, உந்தங்களை எத்தனை விதமாக மாற்றி அடுக்கலாமோ அத்தனைக்கும் ஓர் அலை, ஒவ்வோர் அலைக்கும் ஒரு தெரியாத குணகம். தலைகீழாகப் புரண்ட காந்தங்கள் இந்தச் சங்கிலியில் துகள்கள் போல ஓடும்; அவற்றில் எத்தனை மோதினாலும் எல்லாம் இரண்டிரண்டாக நடந்த மோதல்களாகப் பிரியும் என்ற துணிச்சல் அதற்குள் இருக்கிறது. சமன்பாடு ஏற்றுக்கொண்டது. அடுத்த கட்டுரையில் முப்பரிமாணத்துக்கு விரிப்பதாகப் பெத்தே எழுதிவைத்தார். அந்தக் கட்டுரை வரவேயில்லை. ஒரு பரிமாணத்தில் பொங்கிய மா மூன்று பரிமாணத்தில் பொங்கவில்லை. ஆனால் 1963இல் லீப், லினிகர் இருவரும் அதே உருவத்தை ஒரே கோட்டில் அசையும் துகள்களுக்கு இட்டார்கள். அதன் பிறகு அதிலிருந்து ஒரு துறையே கிளைத்தது. மீக்கடத்தலுக்கான (தடையே இல்லாமல் மின் ஓடும் நிலைக்கான) அலைச்சார்பை 1957இன் தொடக்கத்தில் நியூயோர்க் சுரங்க ரயிலில் உட்கார்ந்து எழுதிய ஷ்ரீஃபரும் செய்தது இதே வகை வேலைதான். அவர் அப்போது மாணவர். எனக்குப் பஸ்ஸில் நித்திரைதான் வருகிறது.

அன்சட்ஸ் என்றால் அப்பாவி என்று நினைத்துவிட வேண்டாம். 1872இல் போல்ட்ஸ்மன் வாயுக்களைப் பற்றி எழுதியபோது, மோதப்போகும் இரண்டு மூலக்கூறுகளின் வேகங்களும் ஒன்றுக்கொன்று தொடர்பற்றவை என்று எடுத்துக்கொண்டார். பின்னாளில் இதற்கு ‘ஷ்டோஸ்ட்சால்அன்சட்ஸ்’ என்று பெயர் வந்தது. மோதல்களின் எண்ணிக்கை பற்றிய அன்சட்ஸ். (ஒரே மூச்சில் சொல்லிப் பழகுங்கள்.) அதிலிருந்து, வாயு எப்போதும் சமநிலையை நோக்கியே போகும், திரும்பி வராது என்று காட்டினார். 1876இல் லோஷ்மிட் ஒரு கேள்வி கேட்டார்: மூலக்கூறுகளின் இயக்க விதிகள் முன்னும் பின்னும் ஒரே மாதிரி ஓடுபவை, அவற்றிலிருந்து முன்னால் மட்டும் ஓடும் முடிவு எப்படி வந்தது? வந்த வழி அந்த அன்சட்ஸ்தான். மோதலுக்கு முன் அந்நியர்களாக இருந்தவர்கள் மோதலுக்குப் பின் அந்நியர்கள் அல்ல. முன், பின் என்ற வேறுபாட்டைப் போல்ட்ஸ்மன் வாசலிலேயே உள்ளே விட்டுவிட்டார். ஆகவே யாராவது “இந்த அன்சட்ஸை எடுப்போம்” என்று எழுதினால், அந்த வரியில் நின்று, விடையின் எந்தப் பகுதி இங்கேயே உள்ளே வந்துவிட்டது என்று பாருங்கள். நான் கட்டுரை வாசிக்கும்போது பென்சிலால் கோடிடும் முதல் வரி அதுதான்.

இன்றைய மாணவர்கள் இந்தச் சொல்லைச் சந்திப்பது பெரும்பாலும் குவாண்டம் கணினிப் பாடத்தில். அங்கே பொருள் கொஞ்சம் நகர்ந்துவிட்டது. 2014இலிருந்து பரவிய மாறல் முறைக் கணிப்புகளில் (எண்களை மாற்றி மாற்றி ஒரு தொகுதியின் மிகத் தாழ்ந்த சக்தியைத் தேடும் முறை இது), திருகிகள் பல கொண்ட ஒரு குவாண்டம் சுற்றையே அன்சட்ஸ் என்கிறார்கள். பழைய வானொலியில் நிலையம் பிடிப்பது போல அவற்றைத் திருகித் திருகிச் சக்தியை இயன்ற அளவு குறைக்கவேண்டும். எவ்வளவு திருகினாலும் கணக்கிட்ட சக்தி உண்மையான தாழ்சக்திக்குக் கீழே போகாது என்பது இம்முறையின் நல்ல குணம். தேடும் நிலையம் அந்த வானொலியின் அலைவரிசையிலேயே இல்லாவிட்டால் திருகி என்ன பயன் என்பது அதன் கெட்ட குணம்.

எழுத்து, உச்சரிப்பு: இரண்டு அகரமும் குறில், ‘அன்சாட்ஸ்’ என்று நீட்டவேண்டாம். எங்கள் ஊர் வழக்கப்படி ‘அன்சற்ஸ்’ என்று எழுதினாலும் எனக்குச் சம்மதம். பன்மை ‘அன்செட்ஸ’ (Ansätze), அதை ஆங்கிலக் கட்டுரையில் கண்டால் வேறு சொல் என்று நினைக்கவேண்டாம். கிட்டத்தட்டச் சரியான எல்லாவற்றையும் அன்சட்ஸ் என்று எழுதும் பழக்கம் ஒன்று உண்டு. அது அண்ணளவாக்கம், வேறு சரக்கு.

தமிழில் என்ன சொல்வது? அந்நியச் சொல்லை அப்படியே வைப்பதா, புதிதாக ஆக்குவதா என்ற வழக்கு யாழ்ப்பாணத்துக்குப் பழையது. மானிப்பாயில் தமிழிலேயே மருத்துவம் படிப்பித்த சாமுவேல் கிறீன் 1875இல் வெளியிட்ட இரசாயன நூலின் பெயர் ‘கெமிஸ்தம்’. அந்தப் பெயர் நிலைக்கவில்லை. நாங்கள் இரசாயனவியல் என்கிறோம். ‘முயற்சித் தீர்வு’ என்று சிலர் எழுதுகிறார்கள். தவறில்லை, ஆனால் அதில் வெற்றிடங்களும் இல்லை, துணிச்சலும் இல்லை. எடுகோள், கருதுகோள் என்று இரண்டு நல்ல சொற்கள் நம்மிடம் இருக்கின்றன; எடுத்தது எடுகோள், கருதியது கருதுகோள். இட்டது? நான் ‘இடுகோள்’ என்று எழுதுகிறேன். ஜேர்மன் வினையும் இடுதல்தான் என்பதால் வேரும் ஒத்துப்போகிறது.

போன கிழமை உயர்தர வகுப்பில் இந்தச் சொல்லைப் பலகையில் எழுதி, அப்ப மாவையும் கள்ளையும் வைத்து விளக்கினேன். பின்வாங்கில் இருந்த ஒருவன் எழுந்து, “அப்படியென்றால் ‘கள்’ என்றே எழுதலாமே ரீச்சர், சோதனையில் இரண்டு எழுத்தோடு முடிந்துவிடும்” என்றான்.