நிறுவல் கலை: கடற்கரைக்காரர்களின் கேள்விகளும் பதில்களும்

ராமநாதபுரம், கல்லூரி மாணவி: சார், நாலு சிலையும் ரெண்டு ஓவியமும் ஒரே அறையில வச்சா அது இன்ஸ்டலேஷன் ஆயிடுமா?

ஆகாதும்மா, அது கண்காட்சி. சிலையைச் சுற்றி வருகிறோம், இன்ஸ்டலேஷன் என்கிற நிறுவலுக்குள் நுழைகிறோம். அறையின் நீள அகலம், சன்னல் வெளிச்சம், காலடிச் சத்தம், வாடை என்று எல்லாமே அங்கே படைப்பில் சேர்த்தி. சந்தேகம் வந்தால் ஒன்று கேட்டுப் பாருங்கள்: இதை அப்படியே தூக்கிப் பக்கத்து ஊர் மண்டபத்தில் வைத்தால் எதையாவது இழக்குமா? அமெரிக்கச் சிற்பி ரிச்சர்ட் செர்ரா 1981-இல் நியூயார்க்கில் அலுவலகங்களுக்கு நடுவே இருந்த சதுக்கத்தில் 120 அடி நீள இரும்புச் சுவர் ஒன்றைச் சாய்வாக நிறுத்தினார். நடக்க வழியில்லை என்று அங்கே வேலை பார்த்தவர்கள் எதிர்த்தார்கள். வேறு இடத்துக்கு மாற்றலாம் என்றபோது, இடம் மாறினால் படைப்பே இல்லை என்று அவர் மறுத்துவிட்டார். வழக்கு நடந்து 1989-இல் வெட்டி எடுத்தார்கள். இரண்டு பக்கத்திலும் நியாயம் இருந்தது என்பது என் கருத்து.

பரமக்குடி, ஓவிய ஆசிரியர்: இதன் வரலாற்றை வகுப்பில் எங்கிருந்து தொடங்கலாம்?

கலைஞர் கர்ட் ஷ்விட்டர்ஸின் வீட்டிலிருந்து. ஜெர்மனியின் ஹனோவரில் 1923 வாக்கில் தொடங்கி, மரத்தாலும் சுண்ணச் சாந்தாலும் சுவரிலிருந்து அறைக்குள் வளர்ந்துகொண்டே போன கட்டுமானம் அது. 1943-இல் குண்டுவீச்சில் அழிந்தது. அடுத்து பிரெஞ்சுக் கலைஞர் மார்செல் டுஷாம். 1938 பாரிஸ் கண்காட்சியில் கூரையிலிருந்து நிலக்கரிச் சாக்குகளைத் தொங்கவிட்டார். இருட்டில் பார்க்க வந்தவர்கள் கையில் டார்ச் லைட். 1942-இல் நியூயார்க்கில் மற்றவர்களின் ஓவியங்களுக்கு முன்னால் கூடம் முழுக்கச் சரடு இழுத்துக் கட்டினார். அமெரிக்கக் கலைஞர் ஆலன் காப்ரோ 1961-இல் ஒரு முற்றத்தில் பழைய டயர்களைக் கொட்டி, ஆட்களை ஏறி நடக்கவிட்டார். பார்வையாளரின் உடம்பும் படைப்புக்குள் வந்துவிட்டது என்பதை மாணவர்களுக்கு இந்த டயர் குவியல்தான் சட்டென்று புரியவைக்கும்.

இந்தியாவில் கலைஞர் விவான் சுந்தரத்தை விட்டுவிடாதீர்கள். வளைகுடாப் போரை ஒட்டி 1991-இல் எஞ்சின் எண்ணெயும் கரியும் கொண்டு வேலை செய்தவர், மும்பைக் கலவரத்தில் தெருவில் செத்துக் கிடந்த ஒருவரின் பத்திரிகைப் படத்தை வைத்து 1993-இல் ஒரு நினைவிடத்தையே நிறுவினார். நேரில் பார்க்க நமக்குப் பக்கம் கொச்சி. 2012 டிசம்பரில் தொடங்கிய பினாலே, அதாவது ஈராண்டுக்கு ஒருமுறை என்ற கணக்கில் வரும் கலைக் கண்காட்சி, அங்கேதான். 2016-இல் சிலி நாட்டுக் கவிஞர் ராவுல் சூரிட்டா அங்கே ஒரு கிடங்கில் கடல்நீரை நிரப்பினார். சுவரில் எழுதியிருந்ததை வாசிக்க, தண்ணீரில் இறங்கித்தான் நடக்க வேண்டும்.

தங்கச்சிமடம், இளைஞர் மன்றம்: அண்ணே, கழிச்சுப் போட்ட வலைய 30 அடி நீளம், 10 அடி உயரத்துக்கு அரியமான் கடற்கரையில சுவர் மாதிரி கட்டப் போறோம். நிக்குமா?

நிற்கும். காற்றுக் கணக்கை முதலில் போடுங்கள், தம்பி. காற்றின் வேகத்தை நொடிக்கு இத்தனை மீட்டர் என்று எடுத்து, அதை அதாலேயே பெருக்கி, 0.6-ஆல் பெருக்கினால் சதுர மீட்டருக்கு எத்தனை நியூட்டன் அழுத்தம் என்று வரும். மணிக்கு 54 கி.மீ. காற்று என்றால் நொடிக்கு 15 மீட்டர். அழுத்தம் 135 நியூட்டன், ஏறக்குறைய 14 கிலோ எடை. உங்கள் சுவர் ஏறக்குறைய 28 சதுர மீட்டர். துணியாக இருந்தால் 380 கிலோவுக்கு மேல் தள்ளும். ஒற்றை வலையில் கண்கள் போக நூல் அடைக்கும் பரப்பு கால் பங்கு என்று வைத்தால் சுமார் 95 கிலோ. அழகுக்காக வலையை இரண்டு மூன்று மடிப்பாகப் போட்டாலோ, பாசியும் குப்பையும் ஏறினாலோ கணக்கு துணிப் பக்கம் போய்விடும். பெரும்பாலும் சாய்வது இதனால்தான்.

கம்பத்துக்கு 15 அடிச் சவுக்குக் கட்டை மூன்று போதும். நாலடி மணலுக்குள் போகட்டும். கட்டையை மட்டும் நம்பாதீர்கள். ஒவ்வொன்றுக்கும் முன்னும் பின்னும் 45 பாகைச் சாய்வில் இழுகயிறு வேண்டும். கயிற்றை முளையில் கட்டினால் மணலில் உருவிக்கொண்டு வரும். சிமெண்டுச் சாக்கில் மணல் நிரப்பி, நடுவில் கயிறு சுற்றி, ஒரு மீட்டர் ஆழத்தில் படுக்கவைத்து மூடி மிதியுங்கள். இரண்டடிக்கு ஒன்றேகால் அடிச் சாக்கின் மேல் உட்காரும் மணலே 300 கிலோவைத் தாண்டும். தண்ணீர் ஏறி மணல் மூழ்கினால் இந்தப் பிடிப்பில் ஏறக்குறைய 40 சதவீதம் போய்விடும். ஆகவே ஈர மணல் கோட்டிலிருந்து நன்றாக மேலே தள்ளித் தோண்டுங்கள்.

நைலான் கயிறு நனைந்தால் நீளும். கட்டிய அன்று சாயங்காலமும் மறுநாள் காலையிலும் இறுக்கிவிடுங்கள். வலையின் அடிவிளிம்பைத் தளர்வாக மணலில் விடாதீர்கள். நாய், ஆடு, நண்டு எல்லாம் சிக்கும். ஒரு மூங்கிலில் சுற்றித் தரையிலிருந்து ஓரடி மேலே நிறுத்துங்கள். மட்கித் தொட்டாலே உதிரும் வலை வேண்டாம், அந்தத் துணுக்கு கடலுக்குத்தான் போகும்.

காலத்தையும் பாருங்கள். அரியமான் பாக் நீரிணைப் பக்கம். வாடைக்காற்று மாதங்களில் அங்கே அலை அடிக்கும், மன்னார் வளைகுடாப் பக்கம் அமைதியாக இருக்கும். கச்சான் என்கிற தென்மேற்குக் காற்றுக் காலத்தில் அப்படியே தலைகீழ். மாசி, பங்குனி உங்களுக்கு வசதி. ஆனால் அது ஆமை முட்டையிடும் காலமும்கூட. இரவில் விளக்கு வேண்டாம், பொரித்த குஞ்சு கடலை விட்டு வெளிச்சத்தை நோக்கி ஊரும். ஊராட்சியிலும் வனத்துறையிலும் முன்கூட்டியே எழுத்தில் கேட்டுவிடுங்கள்.

கீழக்கரை: கரை ஒதுங்கும் பவளக்கல்லை வைத்துத் தரையில் ஒரு வட்டம் அமைக்கலாமா?

கூடாது. 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் பவளம் முதல் அட்டவணையில் இருக்கிறது. செத்தது, ஒதுங்கியது என்பதெல்லாம் சாக்கு ஆகாது. கடல் அட்டை, கடல் குதிரைக்கும் சட்டப் பாதுகாப்பு உண்டு. சிப்பி, சங்கு வகைகளிலும் தடையுள்ளவை பல. மன்னார் வளைகுடாத் தேசியப் பூங்காவின் 21 தீவுகளில் பொருள் பொறுக்கும் பேச்சே வேண்டாம். தனுஷ்கோடி இடிபாட்டுக் கல்லையும் தொடாதீர்கள். உடைந்த ஓடு, பனைமட்டை, வலை மிதவை என்று நம்மிடம் பொருளுக்கா பஞ்சம்?

பாம்பன்: கட்டுக்கம்பி சீக்கிரமே துருப்பிடித்து அறுந்துவிடுகிறது. எவர்சில்வர் கம்பி போடலாமா?

304 தரம் உப்புக்காற்றில் பழுப்புக் கறை விடும், 316 தாங்கும், விலைதான் கூடுதல். துத்தநாகப் பூச்சுக் கம்பியையும் எவர்சில்வரையும் தொட்டுக்கொண்டிருக்கும்படி கட்டாதீர்கள். ஈரத்தில் பூச்சு சீக்கிரம் அரிக்கும், பிறகு உள்ளே இருக்கும் இரும்பு போகும். கம்பியே இல்லாமல் வலை பொத்தும் நூலால் கட்டுவது எல்லாவற்றையும்விட மேல். அந்த முடிச்சு தெரிந்தவர்கள் உங்கள் தெருவிலேயே இருப்பார்கள், கூலி கொடுத்துக் கூப்பிடுங்கள்.

சாயல்குடி, பள்ளி ஆசிரியை: மின்சாரம் இல்லாத கொட்டகையில் ஓலைக் கூம்புகளுக்குள் 3 வாட் எல்.இ.டி. இருபது, நாலு மணி நேரம் எரிய வேண்டும். எந்த பேட்டரி?

மொத்தம் 60 வாட், நாலு மணி நேரத்துக்கு 240 வாட்-மணி. 12 வோல்ட்டில் 20 ஆம்பியர்-மணி. ஈய-அமில பேட்டரியைப் பாதிக்கு மேல் இறக்கினால் ஆயுள் குறையும். ஆகவே 40 ஆம்பியர்-மணி வாங்குங்கள், டீச்சர்.

தவறு வயரில் நடக்கும். 60 வாட் என்றால் 5 ஆம்பியர். 1.5 சதுர மி.மீ. செம்பு வயரில் 20 மீட்டர் தள்ளிக் கொண்டுபோனால், போகவர 40 மீட்டரில் 2.4 வோல்ட் இறங்கிவிடும். கடைசி விளக்கு மங்கும், சில எரியாது. 4 சதுர மி.மீ. போட்டால் இழப்பு ஒரு வோல்ட்டுக்குள். அல்லது பேட்டரியை நடுவில் வைத்து இரண்டு பக்கமும் பிரியுங்கள், மெல்லிய வயரே போதும். பேட்டரி முனையை ஒட்டி 10 ஆம்பியர் ஃபியூஸ் கட்டாயம். காய்ந்த ஓலை பக்கத்தில் இருக்கிறது, விளக்குக்கும் ஓலைக்கும் நாலு விரல் இடைவெளி விடுங்கள். வாளியில் மணலும் வேண்டும்.

முதுகுளத்தூர்: முளைப்பாரி, புரவி எடுப்பு, ஏர்வாடிச் சந்தனக்கூடு எல்லாம் இன்ஸ்டலேஷன்தானே?

கூட்டம், நடை, வாசனை, இரவு வெளிச்சம் எல்லாம் சேர்ந்து ஆளை உள்ளே இழுக்கும் விதத்தில் நெருங்கிய உறவு. நோக்கம் வேறு. முளைப்பாரி நேர்த்திக்கடன், பார்ப்பவருக்காக வைத்ததல்ல. அதன் அமைப்பைக் கற்றுக்கொள்ளுங்கள். முளைப்பாரியையே கொண்டுபோய்க் காட்சிக் கூடத்தில் வைப்பதில் எனக்கு உடன்பாடில்லை.

மண்டபம்: காட்சி முடிந்து பிரித்தபின் படைப்பு எங்கே இருக்கும்?

தாளில். அமெரிக்கக் கலைஞர் ஃபெலிக்ஸ் கொன்சாலெஸ்-டோரஸ் 1991-இல் செய்த மிட்டாய்க் குவியலைப் பார்வையாளர்கள் எடுத்துத் தின்னலாம். மறுபடி நிரப்ப என்ன எடை, எப்படி என்ற குறிப்பு இருப்பதால் இன்றும் காட்டுகிறார்கள். நீங்களும் தரை வரைபடம், பொருள் பட்டியல், முடிச்சு வகை, கட்டிய வரிசை, எதை மாற்றலாம், எதை மாற்றக் கூடாது என்று எழுதி வையுங்கள். வெளிச்சம் மாறும் மூன்று வேளையிலும் ஒரே இடத்திலிருந்து படம் எடுங்கள். ஓரத்தில் ஒரு ஆள் நின்றால் அளவு தெரியும். பிரிக்கும்போது புதைத்த சாக்கு எத்தனை என்று பட்டியலோடு ஒத்துப் பார்த்து, எல்லாவற்றையும் தோண்டி எடுத்த பிறகே வண்டியை எடுங்கள்.