சபோனிஸின் குதிகால்

அன்புள்ள ஆசிரியருக்கு,

கூடைப்பந்து பற்றிய உங்கள் கட்டுரையில் லிதுவேனியாவின் அர்விதாஸ் சபோனிஸை உலகின் மிகச் சிறந்த சென்டர்களில் (கூடையருகே ஆடும் உயரமான ஆட்டக்காரர்களில்) ஒருவர் என்று ஒரே வரியில் சொல்லிவிட்டுப் போய்விட்டீர்கள். நான் எண்களைத் தேடிப் பார்த்தேன். அமெரிக்காவின் தொழில்முறை லீக்கான என்பிஏவில் ஏழு பருவம், 470 ஆட்டம், சராசரியாக ஆட்டத்துக்கு 12 புள்ளி, 7.3 ரீபவுண்ட் (கூடையில் விழாமல் திரும்பிய பந்தைப் பிடிப்பது). அங்கே ஒரு பட்டம்கூட இல்லை. அவரைப் புகழ்கிறவர்கள் எல்லோரும் "காயம் மட்டும் படாமல் இருந்திருந்தால்", "சோவியத் அரசு விட்டிருந்தால்" என்றே பேசுகிறார்கள். நடக்காததை வைத்து ஒருவரைப் பெரிய ஆட்டக்காரர் என்று சொல்லலாமா? வீணாய்ப்போன ஒரு திறமை என்பதுதானே உண்மை?

எஸ்.

அன்புள்ள எஸ்,

நடக்காததை வைத்து யாரையும் அளக்கக் கூடாது. இதில் எனக்கும் உங்களுக்கும் கருத்து வேறுபாடே இல்லை. ஆனால் நடந்ததில் பெரும்பகுதி உங்கள் கணக்கில் வரவில்லை. நீங்கள் பார்த்த எண்கள் 1995இல், அவருடைய 30ஆவது வயதில் தொடங்குகின்றன. அதற்கு முன்பே அவர் பதினான்கு ஆண்டுகள் ஆடியிருந்தார்.

கௌனாஸ் நகரில் 1964 டிசம்பரில் பிறந்தவர். பதினாறு வயதில் உள்ளூர் அணியான ஜல்கிரிஸுக்கு ஆட வந்தார். அந்தப் பெயரைக் கொஞ்சம் கவனியுங்கள். 1410இல் போலந்துக்காரர்களோடு சேர்ந்து லிதுவேனியர்கள் ஜெர்மானிய மாவீரர் படையை முறியடித்த போர்க்களத்தின் பெயர் அது. சோவியத் ஆட்சியின் கீழ் ஒரு சிறு தேசம் தன் பழைய வெற்றியின் பெயரை வெளிப்படையாகச் சொல்லிக் கூவுவதற்கு இருந்த இடம் கூடைப்பந்து மைதானம். எதிரே நின்றது மாஸ்கோவின் ராணுவ அணியான சிஎஸ்கேஏ. 1985, 86, 87 என்று தொடர்ந்து மூன்று ஆண்டுகள் சோவியத் லீக் பட்டத்தை ஜல்கிரிஸ் அந்த அணியிடமிருந்து பறித்தது. நடுவில் நின்றவர் சபோனிஸ். அந்த மூன்று பட்டங்கள் என்பிஏ கணக்கில் வராது. கௌனாஸில் அவற்றுக்கு மேல் ஒரு பட்டம் இருந்திருக்க முடியும் என்று எனக்குத் தோன்றவில்லை.

காயத்துக்கு முன் அவருடைய உடம்பு எப்படி இருந்தது என்று தெரிய 1986 உலகக் கோப்பை அரையிறுதியின் பதிவைப் பாருங்கள். மாட்ரிட்டில் யூகோஸ்லாவியாவுடன் ஆட்டம். ஒரு நிமிடத்துக்கும் குறைவான நேரமே பாக்கி, சோவியத் அணி ஒன்பது புள்ளி பின்தங்கியிருக்கிறது. சபோனிஸ் ஒரு த்ரீ பாயிண்டரை, அதாவது தூரத்திலிருந்து எறியும் மூன்று புள்ளிப் பந்தை, பலகையில் பட்டு விழவைக்கிறார். 221 சென்டிமீட்டர் உயர மனிதர் அந்தக் காலத்தில் அங்கிருந்து எறிவதே அபூர்வம். அடுத்து அதே அணியின் திகோனென்கோ ஒன்று போடுகிறார். பிறகு யூகோஸ்லாவியாவின் கையில் இருந்த பந்தை, பதினெட்டு வயது திவாட்ஸ் டபுள் டிரிபிள் (பந்தைத் தட்டி நிறுத்திவிட்டு மறுபடி தட்டும் தவறு) செய்து பறிகொடுக்கிறார். கடைசி நொடிகளில் சோவியத் அணியின் வால்டர்ஸ் மூன்றாவதையும் போட, ஆட்டம் கூடுதல் நேரத்துக்குப் போய் 91-90 என்று முடிகிறது. எத்தனை முறை பார்த்தாலும் அந்த ஒன்பது புள்ளிகள் எனக்கு நம்ப முடியாதவையாகவே இருக்கின்றன.

அதே ஆண்டில் என்பிஏவின் புது ஆட்டக்காரர் தேர்வில் போர்ட்லாண்ட் அணி அவரை முதல் சுற்றில் 24ஆவதாகத் தேர்ந்தெடுத்தது. அந்தக் காலத்தில்தான் அவருடைய குதிகால் தசைநாணும் அறுந்தது. பிறகு மறுபடியும் அறுந்தது. சென்டர் ஆடுகிறவருக்கு அந்தத் தசைநாண்தான் எல்லாம். குதிக்க, திரும்ப, விழுந்த பந்துக்கு இரண்டாம் முறை எழும்ப அதுதான் வேண்டும். இந்த இழப்பை நான் சிறிதாக்கவில்லை. இன்று நினைத்தாலும் மனம் கனக்கிறது.

சோவியத் அரசு அவரைப் போக விடவில்லை என்பது உண்மை. ஆனால் 1989இல் கதவு திறந்தபோது என்ன நடந்தது? கூட ஆடிய மார்ச்சுல்யோனிஸ் நேராக என்பிஏவுக்குப் போனார். சபோனிஸ் ஸ்பெயினில் வல்லடோலிட் என்ற சிறிய அணிக்குப் போனார். அமெரிக்காவில் ஒரு பருவத்துக்கு 82 ஆட்டம். அந்தக் கால்களால் அதைத் தாங்க முடியாது என்பது அவருக்குத் தெரிந்திருந்தது என்றுதான் நான் படிக்கிறேன். தன் உடம்பின் கணக்கைச் சரியாகப் போட்டவரின் முடிவு அது. மூன்று ஆண்டுகள் கழித்து ரியல் மாட்ரிட். 1995இல் அந்த அணியோடு ஐரோப்பியக் கோப்பை, இறுதிச் சுற்றின் சிறந்த ஆட்டக்காரர் விருது. இதையெல்லாம் முடித்துவிட்டுத்தான் போர்ட்லாண்டுக்கு விமானம் ஏறினார்.

காலின் எக்ஸ்ரேயை மட்டும் பார்த்தால் இவருக்கு மாற்றுத்திறனாளிகளுக்கான வாகன நிறுத்த அனுமதியே கிடைக்கும் என்று அணியின் மருத்துவர் சொன்னதாக அன்றைய மேலாளர் பின்னாளில் சொல்லியிருக்கிறார். அந்தக் காலோடு முதல் பருவத்தில் ஆட்டத்துக்கு 24 நிமிடம்கூட முழுதாக ஆடாமல் 14.5 புள்ளி, 8.1 ரீபவுண்ட். சிறந்த புதுமுகம் தேர்விலும், சிறந்த மாற்று ஆட்டக்காரர் தேர்விலும் இரண்டாம் இடம்.

அவர் கொடுத்த பாஸ்களை உங்கள் எண்கள் காட்டாது. ஃப்ரீ த்ரோ கோட்டுக்கு அருகே கூடைக்கு முதுகைக் காட்டி நிற்பார். பந்து கையில் வந்ததும் நான்கு பேரும் ஓடத் தொடங்குவார்கள். யாருக்கு வழி கிடைக்கிறதோ அவருக்கு, தலையைத் திருப்பாமலே, தோளுக்கு மேலாகவோ முதுகுக்குப் பின்னாலோ பந்து போய்ச் சேரும். குதிக்க முடிந்த காலத்திலும் அவர் பாஸ் கொடுத்தார். ஆனால் குதிக்க முடியாதபோது அதைத் தன் முழு ஆட்டமாகவே ஆக்கிக்கொண்டார். இன்று சென்டர் வழியாகவே ஆட்டத்தை நடத்துகிற அணிகளைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அவர் அங்கே நின்ற நிலைதான் கண்ணில் வருகிறது.

இன்னொன்று. 1988 சோல் ஒலிம்பிக்கின் அரையிறுதியில் அமெரிக்காவை 82-76 என்று வீழ்த்தி, பிறகு தங்கமும் வென்ற சோவியத் அணியில் நான்கு பேர் லிதுவேனியர்கள். அவரும் அதில் உண்டு, காயத்திலிருந்து அப்போதுதான் எழுந்து வந்திருந்தார். நான்கு ஆண்டுகள் கழித்து பார்சிலோனாவில், சுதந்திர லிதுவேனியாவின் சட்டையில், முன்னாள் சோவியத் நாடுகளின் கூட்டணியை 82-78 என்று வென்று வெண்கலம் வாங்கினார். ஒரே ஆட்டக்காரர், இரண்டு கொடிகள். எந்தப் பதக்கம் பெரிது என்று ஒரு லிதுவேனியரிடம் கேட்டுப் பாருங்கள்.

உடம்பில் ஒரு பகுதி அவருக்கு வீணாயிற்று. அதற்கு வருந்துவோம். ஆடிய ஆட்டத்தை வீண் என்று சொல்ல என்னால் முடியாது.

போர்ட்லாண்டை விட்டபின் 2003இல் மறுபடி ஜல்கிரிஸுக்கே வந்து சேர்ந்தார். அந்தப் பருவத்தில் ஐரோப்பிய அணிகளின் போட்டியான யூரோலீக்கின் சிறந்த ஆட்டக்காரர் அவர்தான். வயது 39. டெல் அவிவில் மக்காபி அணியுடன் அந்தச் சுற்றின் கடைசி ஆட்டம், வென்றால் இறுதி நால்வரில் இடம். ஜல்கிரிஸ் மூன்று புள்ளி முன்னால் இருந்தது, நேரம் முடியப் போகிறது. மக்காபிக்காரர் தூரத்திலிருந்து ஒரு த்ரீ பாயிண்டரை எறிந்து சமன் செய்தார், கூடுதல் நேரத்தில் ஜல்கிரிஸ் தோற்றது. நேரம் கிடைத்தால் அந்த ஆட்டத்தையும் பாருங்கள், பதினெட்டு ஆண்டுகளுக்கு முந்தைய மாட்ரிட் ஆட்டத்துக்குப் பக்கத்தில் வைத்து.

அன்புடன்.