காரைக்குடி அருகே ஆத்தங்குடியில் கையால் செய்யும் தரைக்கல்லான ஆத்தங்குடி டைல்ஸ் விலை ஏன் ஏறிக்கொண்டே போகிறது? செய்முறை மாறவே இல்லையே?

மாறாததுதான் காரணம். கண்ணாடித் தகட்டின் மேல் அச்சை வைத்து, கட்டம் கட்டமாகச் சாயக் கலவை ஊற்றி, அச்சை அலுங்காமல் எடுத்து, மேலே மணலும் சிமெண்டும் போட்டு அமுக்க வேண்டும். அப்புறம் சில நாள் தண்ணீரில் ஊறும். சூளை கிடையாது, கண்ணாடி பட்ட பக்கமே பளபளக்கும். இதில் கையை வேகப்படுத்த முடியாது.

சூளையில் சுட்டு இயந்திரத்தில் செய்யும் விட்ரிஃபைடு டைல்ஸ் ஆலையில் புது இயந்திரம் வந்தால் ஒரே ஆள் பல மடங்கு உற்பத்தி செய்வார், கூலியும் ஏறும். காரைக்குடிப் பக்கம் மற்ற வேலைகளுக்குக் கூலி ஏறும்போது ஆத்தங்குடிப் பட்டறைத் தொழிலாளிக்கும் ஏற்றித் தராவிட்டால் ஆள் நிற்க மாட்டார். கை வேகம் கூடாமலே கூலி ஏறுவதால், அந்தச் செலவு கல்லின் விலையில்தான் ஏறும். பட்டறைக்காரரின் பேராசை என்று சொல்லிவிடுவது சுலபம், ஆனால் அது மட்டுமே காரணமாக இருக்க முடியாது. பாமோல், போவென் என்ற இரு பொருளியலாளர்கள் 1966-இல் நாடகம், கச்சேரிகளின் செலவை இப்படித்தான் விளக்கினார்கள்.